தேத்தண்ணியும் மாத்திரையும்

என் பாசத்துக்குரிய தேத்தண்ணி அப்பாவுக்கு,

மலையில் எல்லோரும் உங்களை அப்படித்தானே கூப்பிட்டார்கள்? கொழுந்தெடுக்கும் பெண்களுக்கு வாளியில் தேத்தண்ணி சுமந்த உங்களுக்கு அதைவிடப் பெரிய பட்டம் தேவைப்படவில்லை. இன்று உங்களிடம் ஒன்று சொல்ல வேண்டும். நீங்கள் உயிரோடு இருந்திருந்தால் சொல்லியிருப்பேனா, தெரியவில்லை.

தேயிலை விலை இன்னும் எழுந்திருக்கவில்லை. ஃபேக்டரி வாரத்தில் பாதி நாள்தான் ஓடுகிறது. உங்களுக்குப் பிறகு வாளியை வேறொருவர் தூக்குகிறார், பாலை நிறுத்திவிட்டார்கள். லயத்து வரிசை வீடுகளில் ரொட்டி சுடாத நாளில் பசிக்கும் அதே பாலில்லாத சாயத்தண்ணிதான். கொழுந்தெடுக்கும் நம் லயத்து ராணிக்கு இது ஏழாம் மாதம். முகமெல்லாம் வெளுத்துக் கிடக்கிறது, ரத்தம் ஏறவே இல்லை.

போன மாதம், நான் நர்சாக இருக்கும் எஸ்டேட் ஆஸ்பத்திரியில் எல்லோர் முன்னாலும் அவளைத் திட்டினேன். "மாத்திரையைத் தூக்கிப் போடுறியா? பொய் சொல்லாதடி!"

"ஒன் கண்ணு முன்னாடிதானே அக்கா முழுங்குறேன்" என்று அழுதுகொண்டே போய்விட்டாள்.

அவள் சொன்னது நிஜம். நம் ஏற்பாடு ஞாபகம் இருக்கிறதா? வீட்டுக்குக் கொடுத்தால் மறந்துவிடுகிறார்கள் என்று, உங்கள் வாளி வரும் நேரத்துக்கு நானும் இரும்புச்சத்து மாத்திரையோடு மலைக்கு வந்துவிடுவேன். "நர்சம்மா மாத்திரை, நர்சம்மா அப்பன் தேத்தண்ணி, ரெண்டும் சேந்தாத்தான் வேல செய்யும்" என்று சொல்லி, கர்ப்பிணிகளுக்கு மட்டும் சாயம் கூட்டி ஊற்றுவீர்கள். எனக்கும் அதில் தலைகால் புரியாத பெருமை. நீங்கள் போன பிறகும் அந்த வழக்கத்தை நான் விடவில்லை.

நேற்று குன்னூரில் நர்சுகளுக்கு ஒரு பயிற்சி. கர்ப்பிணிகள் எல்லோரும் மாத்திரை சாப்பிட என்ன செய்கிறீர்கள் என்று டாக்டரம்மா கேட்டார். முந்திரிக்கொட்டை மாதிரி நான்தான் எழுந்தேன். நான் சொல்லி முடித்ததும் அவர் என் பக்கத்தில் வந்து நின்றார்.

"டீயோட குடுத்தா இரும்புச்சத்து ஒடம்புல சரியாச் சேராதும்மா. படிக்கும்போது சொல்லிக் குடுக்கலையா?"

இல்லை அப்பா. கோயம்புத்தூரில் எங்களுக்குச் சத்துணவுப் பாடம் ஒரு படத்தோடு முடிந்துவிட்டது. ஆப்பிள், முட்டை, பால். ஊசி போடத் தெரிகிறதா என்று சோதித்தார்கள். சாப்பாட்டைப் பற்றி யாரும் கேட்கவில்லை. சரி, பாடத்தில்தான் இல்லை. லயத்தில் பிறந்த நான், என்ன சாப்பிட்டாய் என்று ராணியை ஒரு தடவை கேட்டிருக்கக் கூடாதா? வெட்கம் பிடுங்கித் தின்கிறது.

அதைவிடக் கேவலம் ஒன்று உண்டு. இது தெரியாமலே நீங்கள் போய்ச் சேர்ந்தது நல்லதுதான் என்று ஒரு நிமிஷம் நினைத்துவிட்டேன். அப்படி நினைக்க எனக்கு எப்படி மனசு வந்தது?

நாளையிலிருந்து மாத்திரை மதியச் சோற்றுக்குப் பிறகு, எலுமிச்சைத் தண்ணியோடு. தேத்தண்ணி பக்கத்திலேயே வராது. எல்லோர் முன்னாலும் திட்டிய ராணியிடம் எல்லோர் முன்னாலும் மன்னிப்புக் கேட்பேன். காரணம் கேட்பார்கள். உங்கள் தேத்தண்ணியின் பேரைச் சொல்லித்தான் ஆக வேண்டும். ஊற்றியது அப்பா, ஊற்றச் சொன்னது நான் என்று சொல்வேன். உங்கள் வாளியின் மேல் ஒரு சொல் விழ விடமாட்டேன், இது சத்தியம்.

உங்கள் வாளிக்குப் பக்கத்தில் மாத்திரையோடு நின்ற மூத்த மகள்,
செல்வம்மா