பொதுத் தெருவும் ஓடெலின் நாற்காலியும்

சிகாகோ, மார்ச், வெள்ளிக்கிழமை

என் அன்பு மகள் லோரெய்னுக்கு,

நானும் அப்பாவும் இங்கே உயிரோடு இருக்கிறோம், நீ பெர்த்தில் வெயிலில் வாடாமல் சௌக்கியமாக இருப்பாய் என்று நம்புகிறேன். போன தடவை போனில் பக்கத்து வீட்டு ஓடெலைப் பற்றிக் கேட்டதும் அப்பா பேச்சை மாற்றினாரே, ஏன் என்று கேட்டிருந்தாய். போனில் சொன்னால் அவர் காதில் விழும், அதனால்தான் எழுதுகிறேன். எல்லாம் மேயர் தேர்தல் செய்த புண்ணியம். வாக்குச்சீட்டில் கட்சிப் பெயரே கூடாது, அப்போதுதான் மக்கள் அடித்துக்கொள்ளாமல் நல்லவரைத் தேர்ந்தெடுப்பார்கள் என்று எந்த மகானோ சட்டம் போட்டுவைத்தான். நின்ற ஒன்பது பேரும் ஒரே கட்சிக்காரர்கள், அதை ஊரே அறியும், ஆனால் ஒருவராவது வாய் திறந்து சொல்ல வேண்டுமே. சண்டை போடக் கட்சி இல்லாத குறையை நம் தெரு தானே தீர்த்துக்கொண்டது. உன் அப்பா அந்த ஒன்பதில் ஒருத்தியான விட்லாக் அம்மாளின் பிரசாரப் பலகையை நம் முற்றத்தில் நட்டார், மறுநாளே ஓடெல், அவளை எதிர்த்து நின்ற கிராண்டியின் பலகையைத் தன் முற்றத்தில் நட்டார், அதுவும் ஒரு முழம் உயரமாக.

ஒரு ஞாயிற்றுக்கிழமை நம் சமையலறையில்தான் அது வெடித்தது. ஓடெல் காலமெல்லாம் பஸ் ஓட்டி ஓய்வு பெற்றவர் இல்லையா, "அந்தம்மா ஜெயிச்சா நம்ம பக்கம் வர்ற பஸ்ஸெல்லாம் நின்னுடும்" என்றார். உன் அப்பா, "நின்னா உனக்கென்னய்யா, உங்கிட்டதான் கார் இருக்கே" என்றார். ஓடெல் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம். "அந்தக் கார்ல வாரம் மூணு நாள் ஏறிப் போறது யாரு?" என்று கேட்டுவிட்டார். அவ்வளவுதான். கண் மங்கியதிலிருந்து டயாலிசிஸுக்கு ஓடெல் காரில்தானே அப்பா போய்க்கொண்டிருந்தார், அதைச் சொல்லிக்காட்டியதாக எடுத்துக்கொண்டு, இனி அந்தக் காரில் கால் வைத்தால் தன் பெயர் ப்ரூனோ இல்லை என்று எழுந்து போய்விட்டார். நோயாளிகளுக்கென்று வேன் வருமே, சொல்லட்டுமா என்றேன். அது கிழவர்களுக்காம். அவருக்கு எழுபத்தாறுதானே ஆகிறது.

அப்புறம் பனியில் நின்று இரண்டு பஸ் மாறிப் போகத் தொடங்கினார். ரத்தம் சுத்தம் செய்துகொண்டு திரும்பி வரும்போது முகம் சாம்பல் மாதிரி இருக்கும், கோட்டைக்கூடக் கழற்றாமல் நாற்காலியில் சாய்ந்துவிடுவார். நான் கார் ஓட்டக் கற்றுக்கொள்ளாததற்காக என்னையே திட்டிக்கொள்வேன். ஒரு வெள்ளிக்கிழமை உடம்பு முடியவில்லை என்று போகவே இல்லை. அன்று காலை ஓடெலின் மனைவி வெர்னிஸ் போன் செய்து, ஒரு சம்பந்தமும் இல்லாமல், வீட்டில் பட்டைப் பொடி இருக்கிறதா, ப்ரூனோ எழுந்துவிட்டாரா என்று கேட்டாள். இருக்கிறது, படுத்திருக்கிறார் என்றேன், பட்டையை வாங்க அவள் வரவே இல்லை. திங்கட்கிழமைக்குள் அப்பாவின் கால் இரண்டும் வீங்கிவிட்டன. இன்னொரு தடவை தவறினால் நேராக ஆஸ்பத்திரிதான், அதற்கப்புறம் தன்னைக் கேட்காதீர்கள் என்று நர்ஸ் சொல்லிவிட்டாள். நான் பயந்துபோனேன் லோரெய்ன், உனக்குச் சொல்லவும் பயமாக இருந்தது. அவர் கவலையெல்லாம் விட்லாக் அம்மாளை நம் வீட்டுக்குக் காபிக்கு அழைப்பது பற்றித்தான்.

அழைத்தார், அந்த மகராசியும் வந்தாள். வரவேற்பறை நிறைய ஆட்கள், தவக்காலத்துக்கு முன்னால் ஜாம் வைத்துச் சுடும் பொங்ச்கிப் பணியாரத்தை நான் தட்டுத் தட்டாகச் சுட்டு வைத்தேன். முந்தின நாள் முழங்கால் அளவு பனி. ஓடெல் காலையெல்லாம் மண்வெட்டியோடு நின்று தன் வாசலில் கார் நிறுத்த இடம் தோண்டி, வழக்கம்போல அந்தக் கை உடைந்த பச்சை நாற்காலியைப் போட்டுவிட்டு மருந்துக் கடைக்குப் போயிருந்தார். தோண்டியவன் நாற்காலி போட்டால் பனி உருகும்வரை இடம் அவனுடையது, இதை நம் ஊரில் யாரும் யாருக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை. ஆனால் இந்த மண்ணிலேயே பிறந்து வளர்ந்தவள் என்று மேடைக்கு மேடை சொல்லும் விட்லாக் அம்மாள் ஏரிக்கரைக் கட்டடத்தில் வாழ்கிறவள், அங்கே கார் பூமிக்கடியில் வெதுவெதுப்பாகத் தூங்குகிறது. அவளுடைய ஆள் நாற்காலியைத் தூக்கிப் பனிக்குவியலில் எறிந்துவிட்டு வண்டியை ஜம்மென்று அங்கே நிறுத்திவிட்டான்.

அவள் அக்கம்பக்க ஒற்றுமையைப் பற்றி உருகிக்கொண்டிருந்தபோது ஓடெலின் கார் வந்து நடுத்தெருவில் நின்றது. ஓடெல் இறங்கி நாற்காலியைப் பார்த்தார், நம் வீட்டு ஜன்னலைப் பார்த்தார், திரும்பக் காரில் ஏறி உட்கார்ந்துகொண்டார். அந்தப் பார்வையை உன் அப்பாவால் தாங்க முடியவில்லை. பாதி தின்ற பொங்ச்கியை அப்படியே வைத்துவிட்டு, வீங்கிய காலில் வீட்டுச் செருப்போடு வெளியே போய், வண்டியை எடு என்றார். அஞ்சு நிமிஷம் என்றான் அந்த ஆள். விட்லாக் அம்மாளும் சிரித்துக்கொண்டே படிக்கு வந்து, "தெரு எல்லாருக்கும் பொதுதானே ப்ரூனோ" என்றாள். எதிர் வாசலில் நின்றவர்கள் கூடத் தலையைக் குனிந்துகொண்டார்கள். அப்பா, "தெரு பொதுதாம்மா. தோண்டின முதுகு ஓடெலோடது. முதல்ல வண்டிய எடுங்க, அப்புறம் ஒற்றுமையப் பேசலாம்" என்றார். வண்டி போயிற்று. அப்பா அந்தப் பனியில் நின்றபடியே கையை ஆட்டி ஆட்டி ஓடெலுக்கு வழி காட்டினார், ஆயுள் முழுக்க பஸ் ஓட்டிய மனுஷனுக்கு. ஓடெல் கண்ணாடியை இறக்கி, "யோவ், செருப்போட நிக்கிறியே, ஓட்டுப் போடறதுக்குள்ள செத்துத் தொலைஞ்சா அந்தம்மாவுக்கு ஒரு ஓட்டு குறையுமே, யோசிச்சியா?" என்றார். அப்புறம், "நாளைக்கு ஆறரைக்கு ஹாரன் அடிப்பேன், வந்தா வா" என்றார். அப்பா, "அடிக்காதே, தெரு தூங்கும், நானே வாசல்ல நிப்பேன்" என்றார். இதுதான் அவர்கள் மன்னிப்புக் கேட்டுக்கொண்ட லட்சணம்.

தேர்தல் முடிந்தது, நம் வட்டாரத்தில் அந்த அம்மாளுக்கு விழுந்த ஓட்டு என் வீட்டில் பொங்ச்கி தின்றவர்களைவிடக் குறைவு. ஆனாலும் யாருக்கும் பாதிக்கு மேல் கிடைக்காததால் அவளும் கிராண்டியும் ஏப்ரலில் மறுபடி மோதுகிறார்கள். இரண்டு பலகையும் இன்னும் நிற்கின்றன, கிழவர்கள் இரண்டு பேரும் போகும்போதும் வரும்போதும் காருக்குள்ளேயே சண்டை போட்டுக்கொள்கிறார்கள். அப்பா யாருக்குப் போட்டார் என்று என்னிடமே சொல்லவில்லை. கால் வீக்கம் வற்றிவிட்டது, எனக்கு அது போதும், மேயராக அந்தப் பச்சை நாற்காலியே வந்தாலும் எனக்குச் சம்மதம்.

உடம்பைப் பார்த்துக்கொள், வெயிலில் தொப்பி போடு, கடவுள் உன்னை நன்றாக வைத்திருக்கட்டும். உன் தபால் ஓட்டை மறக்காமல் அனுப்பு, யாருக்கு என்று மட்டும் இந்த வீட்டில் மூச்சு விடாதே. இன்னொன்று. இன்று மாதா கோயிலில் தவக்கால வெள்ளிக்கிழமை மீன் விருந்தில் வெர்னிஸ் என் காதோடு சொன்னாள், அப்பா பஸ்ஸில் போன அத்தனை நாளும் ஓடெல் அந்த பஸ்ஸுக்குப் பின்னாலேயே காரை ஓட்டிக்கொண்டு போய், அவர் இறங்கி உள்ளே போவதைப் பார்த்துவிட்டுத்தான் திரும்புவாராம், மத்தியானமும் அப்படியேயாம். பட்டைப் பொடி கேட்ட வெள்ளிக்கிழமை, நிறுத்தத்தில் அப்பாவைக் காணாமல் பதறிப்போய் அவர்தான் போன் செய்யச் சொன்னாராம். நான் பொரித்த மீனை வைத்துக்கொண்டு அழுதேன். இதை அப்பாவிடம் சொல்லிவிடாதே, தெரிந்தால் வீம்புக்கு மறுபடியும் பஸ்ஸில் ஏறிவிடுவார்.

உன் அம்மா,
ஜெனிவீவ்