படகுத்துறையில் விட்ட காவலன்

மகள் வீட்டில் இருக்கும் என் மனைவிக்கு,

நீ செய்தது தப்பு. பதினோரு வருஷமாக நாம் சேர்ந்து ஆடும் கணினி விளையாட்டு அது. எந்த முடிவையும் இருவரும் பேசித்தான் எடுப்போம். அதில் கடைசியாக வந்த புதுப் பகுதியில், கோட்டை விழும் நேரத்தில், அந்தக் கிழட்டுக் காவலனை விட்டுவிட்டு நீ தனியாகப் படகேறிவிட்டாய். என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

"வா, போயிடலாம்" என்று இரண்டு முறை கேட்டிருக்கிறாய். இரண்டு முறையும் "இது நான் காத்த இடம், வரமாட்டேன்" என்றிருக்கிறான். வீம்பு பிடித்தவன்தான். "அப்பா, அவன் அச்சு அசல் உங்களை மாதிரியே இருக்கான்!" என்று போனில் மகள் சிரித்தாள். நீ அங்கே வரச் சொல்லிக் கூப்பிட்டபோது நானும் இரண்டு முறை மறுத்ததைச் சொல்கிறாள்.

நீ படகேறுவதற்கு முன் சேமித்து வைத்திருந்த ஆட்டத்தைத் திறந்து நானே ஆடிப் பார்த்தேன். எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை. மூன்றாம் முறை கேட்டால் ஈட்டியைக் கீழே வைத்துவிட்டு வந்துவிடுகிறான்.

ஆகவே, செய்ய வேண்டியவை: மகள் குறுக்கே பேசக் கூடாது. வீட்டுச் சாவியைப் பக்கத்து வீட்டுத் தையற்காரரிடம் கொடுப்பது என் பொறுப்பு, பெட்டி கட்டியாகிவிட்டது. நீ இன்னும் ஒரு முறை கேட்க வேண்டும்.

இப்படிக்கு,
கோட்டையில் இருப்பவன்