பேசாப் படத்துப் பெண்ணுக்கு ஒரு புருஷன்

என் அன்பு மகளுக்கு,

ஞாயிற்றுக்கிழமை கோயில் மண்டபத்தில் இருந்தவர்கள்: பாதர், கன்னியாஸ்திரிகள் இருவர், மெற்றில்டா அக்காவோடு மாதர் சங்கத்தார் பத்தொன்பது பேர், படம் ஓட்டிய நீ, திரைக்குப் பக்கத்தில் நான். அத்தனை பேருக்கும் பயந்துதான் அப்படிச் செய்தேன்.

ஜப்பானில் அந்தக் காலத்துப் பேசாப் படங்களுக்குப் பக்கத்தில் நின்று எல்லாருக்குமாகப் பேசுகிறவர் பென்ஷி என்று நீதான் சொல்லித் தந்தாய். உன் தொண்டை கட்டிக்கொண்டதால், தமிழில் எழுதி வைத்ததை என்னிடம் நீட்டினாய்.

"அம்மா, இருக்கிறதை அப்பிடியே வாசியுங்கோ."

படத்தில் கலியாணமாகாத ஒரு பெண் தன் தகப்பனின் முன்னால் வயிற்றைத் தொட்டுக் காட்டினாள்.

"ஆரின்ரை பிள்ளையாம்?" என்று மெற்றில்டா அக்கா கேட்டார்.

அவளுக்குப் புருஷன் இல்லை என்று நீ எழுதியதை விட்டுவிட்டு, "இவளின்ரை புருஷன் கடலிலை செத்துப்போனான்" என்றேன். எல்லாரும் உச்சுக்கொட்டினார்கள். நீ எழுந்து போய்விட்டாய்.

அதற்கு முதல் நாள்தான் உன் வயிற்றுப் பிள்ளையைப் பற்றி என்னிடம் சொன்னாய். செபமாலையை எடுத்துக்கொண்டு அறைக்குள் போனேனே, அதை நினைத்தால் இன்னும் வெட்கமாக இருக்கிறது.

நேற்று மெற்றில்டா அக்காவிடம், அந்தப் பெண்ணுக்குப் புருஷன் இல்லை, நான்தான் பொய் சொன்னேன் என்றேன்.

"படம்தானே, விடடி" என்று சிரித்தார். உன்னைப் பற்றிய மிச்சத்தைச் சொல்ல உன் சம்மதம் வேண்டும்.

போனையும் எடுக்கிறாய் இல்லை. வியா மக்வேதா தெருவில் உன் சிநேகிதியின் அறையில் சாப்பாடு சரிதானா? டொக்டரிடம் எந்த நாள் போகிறாய்? நானும் வருகிறேன். கெதியாகப் பதில் போடு.

உன் அம்மா