அத்தையின் வாய்க்குப் பயந்த மிட்டாய்க்காரர்கள்

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதிக்கொள்வது. நானும் அம்மாவும் இங்கே நன்றாகத்தான் இருக்கிறோம், அம்மாவின் முழங்கால் மட்டும் படி ஏறும்போது முரண்டு பிடிக்கிறது, மற்றபடி சொல்லும்படி ஒன்றுமில்லை. அங்கே நீயும் மாப்பிள்ளையும் வேளைக்குச் சாப்பிட்டு வேளைக்குத் தூங்கி உடம்பைப் பார்த்துக்கொள்கிறீர்கள் என்று நம்பித்தான் இதை ஆரம்பிக்கிறேன். போனில் சொன்னால் போதாதா என்று அம்மா கேட்டாள். போனில் நீ "சொல்லுங்கப்பா, சொல்லுங்கப்பா" என்று விரட்டுவாய், எனக்குப் பாதி மறந்துபோகும், இது நிதானமாகச் சொல்லவேண்டிய சமாச்சாரம். நானும் உன் அத்தையும் மாமாவின் வேனை எடுத்துக்கொண்டு ஊர் ஊராகப் போய்விட்டு வந்தோம். எங்கே என்று கேட்டால் சிரிப்பாய், மிட்டாய்க் கடைகளுக்கும் சாக்லேட் செய்கிறவர்களிடமும்தான். சர்க்கரை வியாதிக்காரன் போகிற இடமா அது என்று டாக்டர் கேட்பார், அவரிடம் நாங்கள் யாரும் மூச்சுவிடவில்லை, நீயும் விடாதே.

மாமா போன பிறகு அத்தை எப்படி இருந்தாள் என்பதை உன்னிடம் நாங்கள் முழுதாகச் சொல்லவில்லை அம்மாடி. கடைசியாக ஒருமுறை முகம் பார்க்க வர முடியவில்லையே என்று நீ போனில் அழுத அழுகையைக் கேட்ட பிறகு இதையும் உன் தலையில் ஏற்றி வைக்க மனசு வரவில்லை. அவள் சாப்பிடுவதையே விட்டுவிட்டாள். பட்டினி கிடக்கிறேன் என்று வீம்பெல்லாம் இல்லை, தட்டை வைத்தால் உட்காருவாள், ஒரு வாய் வைப்பாள், மண்ணைத் தின்கிற மாதிரி இருக்கிறது என்று நகர்த்திவிடுவாள். போட்டிருக்கிற துணியெல்லாம் இரவல் வாங்கினது போலத் தொளதொளவென்று தொங்க ஆரம்பித்துவிட்டது. உடம்பில் ஒரு கோளாறும் இல்லை, ஆனால் இப்படியே போனால் ஆஸ்பத்திரியில் படுக்கவைத்துக் குழாய் வழியாகத்தான் ஏற்ற வேண்டியிருக்கும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். அன்றைக்கு எனக்கு வந்த பயத்தை உன் அம்மாவிடம்கூடச் சொல்லவில்லை.

இதற்கு நடுவில் மாமாவின் போன் வேறு அடித்துக்கொண்டே இருந்தது. அவர்தான் சாக்லேட் வார்க்கிற அச்சுகளையும் மிட்டாய் சுற்றுகிற ஜிகினாத் தாளையும் வேனில் போட்டுக்கொண்டு ஊர் ஊராக விற்றுக்கொண்டிருந்தவர் ஆயிற்றே, விஷயம் தெரியாத கடைக்காரர்கள் எப்போது வருகிறீர்கள் என்று கேட்கக் கூப்பிடுவார்கள். அத்தை அதை எடுக்கவும் மாட்டாள், அணைத்து வைக்கவும் விடமாட்டாள். நான் எடுத்துச் சொல்லிவிடுகிறேன் என்றதற்கு, "போன்ல சொல்ற விஷயமா அண்ணா இது? அவங்க வீட்டு மனுஷன் மாதிரி பழகினவரு" என்றாள். உன் அம்மா சமையலறையிலிருந்து கரண்டியோடு வந்தாள். "அப்போ நேர்ல போய்ச் சொல்லிட்டு வாங்க. ரெண்டு பேருமே போங்க. இங்க உட்கார்ந்து அவளைப் பார்த்து நீங்க பெருமூச்சு விட, உங்களைப் பார்த்து அவ பெருமூச்சு விட, நடுவுல எனக்கு மூச்சு முட்டுது" என்றாள். பெண்டாட்டி சொன்னால் அதற்கு மேல் என்ன இருக்கிறது, கிளம்பிவிட்டோம். பள்ளிக்கூட பஸ்ஸையே ஓட்டிய கை என்று நான் பீற்றிக்கொள்வேன் அல்லவா, மாமாவின் வேன் என் கொழுப்பை முதல் மேட்டிலேயே அடக்கிவிட்டது. ஓட்டுகிற பக்கத்துக் கதவு உள்ளேயிருந்து திறக்காது, ஜன்னலை இறக்கி வெளியே கைவிட்டுத்தான் திறக்கவேண்டும். வண்டி முழுக்கக் கொக்கோ வாசனை. அத்தை ஏறி உட்கார்ந்ததும் ஒருமுறை மூச்சை இழுத்தாள், பிறகு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

முதலில் போனது பேருந்து நிலையத்துக்குப் பின்னால் சந்துக்குள் இருக்கிற ஒரு டாஃபிக் கடைக்கு. முன்னால் கண்ணாடி ஜாடிகள், பின்னால் அடுப்பு. டாஃபிக்காரர் வாட்டசாட்டமான ஆள், புருவமெல்லாம் சர்க்கரைப் பொடி, சுவரில் அடித்த கொக்கியில் சூட்டுப் பாகை மாட்டிக் கயிறு இழுப்பது போல இழுத்துக்கொண்டிருந்தார். வேன் சத்தம் கேட்டுத் திரும்பிக்கூடப் பார்க்காமல், "வாங்க சார், எங்களையெல்லாம் மறந்தே போயிட்டீங்களா?" என்றார். அத்தை என் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள். நான்தான் சொன்னேன், என்ன வார்த்தையில் சொன்னேன் என்று இப்போது நினைவில்லை. அவர் அப்படியே சர்க்கரை மூட்டைமேல் உட்கார்ந்துவிட்டார், பாகு கொக்கியில் தொங்கியபடியே கல்லாக இறுகிப்போயிற்று. பிறகு அத்தையை நிமிர்ந்து பார்த்து, "அப்போ நீங்கதானா அந்த அம்மா?" என்று கேட்டார். எந்த அம்மா என்று எங்களுக்குப் புரியவில்லை. அவர் சொன்ன பிறகுதான் தெரிந்தது. மாமா ஒவ்வொரு கடையிலிருந்தும் புதுச் சரக்கில் ஒன்றிரண்டை வாங்கிப் பாக்கெட்டில் போட்டுக்கொண்டு வருவார், நீகூடச் சின்னப் பிள்ளையில் அந்தப் பாக்கெட்டைத் தடவிப் பார்க்காமல் அவரை உள்ளே விடமாட்டாய். அத்தை துணி மடித்துக்கொண்டோ பாத்திரம் தேய்த்துக்கொண்டோ அதில் ஒன்றை வாயில் போட்டுத் தோன்றியதைச் சொல்வாள். அதை மாமா ஒரு வார்த்தை மாறாமல் கொண்டுபோய் அந்தந்தக் கடையில் "வீட்ல இப்படிச் சொன்னாங்க" என்று ஒப்பித்திருக்கிறார். இவருடைய இஞ்சி டாஃபியைப் பற்றி அத்தை, வாசலிலேயே நின்று பேசிவிட்டுப் போகிற விருந்தாளி மாதிரி இருக்கிறது, உள்ளே வரவே மாட்டேன் என்கிறது என்று சொன்னாளாம். "அதைக் கேட்டு ரெண்டு நாள் கோபமா இருந்தேன்மா, அப்புறம்தான் இஞ்சியைத் தட்டிப் போடறதை விட்டுட்டுச் சாறு எடுத்துப் பாகு கொதிக்கும்போதே விட்டேன், இப்போ கடைல அதுதான் ஓடுது. உங்க வாய்க்குப் பயந்துதான் தொழிலே பண்றோம்" என்று ஒரு தட்டு நிறைய டாஃபியைக் கொண்டுவந்து நீட்டினார். அத்தை தொடவில்லை. விடுவிடுவென்று நடந்து வேனில் போய் உட்கார்ந்துவிட்டாள்.

அழுகிறாள் என்று நினைத்துப் போனேன். அழவில்லை, கொதித்துக்கொண்டிருந்தாள். "என்கிட்ட ஒரு வார்த்தை சொன்னாரா அண்ணா? நான் ஏதோ வாய்க்கு வந்ததை உளறுவேன், இந்த மனுஷன் பேப்பர்லேர்ந்து தலையைத் தூக்காம 'ம்'ம்பாரு. காதுலயே விழலைன்னுதான் இத்தனை வருஷமும் நினைச்சுக்கிட்டிருந்தேன். ஊரெல்லாம் போய்ப் பேசியிருக்காரு, எனக்கு மட்டும் 'ம்'மா?" என்றாள். நானும் உன் அம்மாவுக்கு 'ம்' சொல்கிற ஜாதிதானே. வண்டியை எடுத்தேன், அந்தப் பதற்றத்தில் பிரிவுப் பாதையில் தப்பாகத் திரும்பிவிட்டேன், அதற்கும் சேர்த்துத் திட்டு விழுந்தது. சாலையோரம் டீக்கடையில் நிறுத்தி ஒரு பன்னை வாங்கிக் கையில் கொடுத்தேன். மாமாவைத் திட்டிக்கொண்டே, என்னைத் திட்டிக்கொண்டே, முழு பன்னையும் தின்றுவிட்டாள். தின்றது அவளுக்கே தெரியாது. நான் காட்டிக்கொள்ளவில்லை, டீக்கு இன்னும் கொஞ்சம் பால் கேட்கிற சாக்கில் எழுந்து போய் முகத்தைத் துடைத்துக்கொண்டு வந்தேன்.

அடுத்தது ஒரு பெண், உன் வயதுதான் இருக்கும், பேங்க் வேலையை விட்டுவிட்டு ஒரு சலவைக்கடைக்குப் பின்னால் இருக்கிற அறையில் சாக்லேட் செய்கிறாள். அறை ஜிலுஜிலுவென்று இருக்கிறது, மூலையில் கல்லுருளை இயந்திரம் ராப்பகலாகக் கொக்கோவை அரைத்துக்கொண்டே இருக்கிறது. அவளிடமும் நான்தான் சொன்னேன். அவள் தொப்பியைக் கழற்றிவிட்டு அத்தையைக் கட்டிக்கொண்டு அழுதாள். பிறகு ஒரு துண்டு எடுத்துக்கொடுத்து, சாப்பிட்டுப் பாருங்கக்கா என்றாள். அத்தை இந்தத் தடவை மறுக்கவில்லை. வாயில் போட்டுக் கண்ணை மூடிக்கொண்டு நின்றாள், நின்றாள், நின்றுகொண்டே இருந்தாள். "எனக்கு ஒண்ணுமே தெரியலம்மா. மெழுகைக் கடிச்ச மாதிரி இருக்கு. என் நாக்கும் அவரோடவே போயிடுச்சு போல" என்றாள். அந்தப் பெண் கெட்டிக்காரி. எல்லாம் சரியாகிவிடும் என்று ஆறுதல் சொல்லவில்லை. "நாக்கு போனா போகட்டும்க்கா, கை இருக்கில்ல? ஆர்டர் குவிஞ்சு கிடக்கு, உட்காருங்க" என்று ஜிகினாத் தாள் கட்டையும் சாக்லேட் தட்டையும் எங்கள் முன்னால் தள்ளிவிட்டாள். சாயங்காலம் வரை உட்கார்ந்து சுற்றினோம். நான் சுற்றினதெல்லாம் அடிபட்ட விரலுக்குக் கட்டுப் போட்டது போல வந்தது, அதையெல்லாம் அந்தப் பெண் தனியாக ஒதுக்கி, இது நம்ம வீட்டுக்கு என்று சிரித்தாள். கை வேலை செய்ய ஆரம்பித்ததும் பேச்சும் வந்தது. ஆரம்பத்தில் யாரும் வாங்காமல் தொழிலை மூடிவிடலாம் என்று இருந்தபோது மாமா அவளிடம், "எங்க வீட்ல வேணாம்னு சொல்ற வரைக்கும் நிறுத்தாதம்மா, அவங்க இன்னும் வேணாம்னு சொல்லல" என்றாராம். அத்தை சுற்றிக்கொண்டிருந்த தாளை நீவி நீவி நேராக்கினாள். "நான் அப்படியெல்லாம் ஒண்ணும் சொல்லலியே" என்றாள். பிறகு, "சொல்லியிருந்தாலும் சொல்லியிருப்பேன்" என்றாள்.

மறுநாள் போனது மலைமேல் இருக்கிற பெரியவரிடம். சர்க்கரையைக் கண்ணில் காட்டாத கறுப்புச் சாக்லேட் மட்டும்தான் செய்வார், கொக்கோக் கொட்டையைத் தானே வறுப்பார், யாரிடமும் முகம் கொடுத்துப் பேசமாட்டார், அதனால் மாமா அவருக்கு வைத்திருந்த பெயர் கசப்பர். காதும் மந்தம். வளைவுக்கு வளைவு வேன் இருமிக்கொண்டு ஏறியது. நாங்கள் போய் நின்றபோது வறுக்கிற சட்டிக்கு முன்னால் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார். நான் தொண்டையைக் கனைத்தேன், அத்தை என்னைத் தடுத்துவிட்டு முன்னால் போனாள். ஏதோ மெதுவாகச் சொன்னாள். அவருக்குக் கேட்கவில்லை, என்ன, என்ன என்று காதைத் திருப்பினார். அத்தை குரலை உயர்த்தி, "அவரு செத்துட்டாருங்க! என் வீட்டுக்காரரு செத்துப்போயிட்டாரு!" என்று கத்தினாள். எதிர்வீட்டு ஜன்னல் திறந்தது. அந்த வார்த்தையை அவள் வாயிலிருந்து நான் அதுவரை கேட்டதே இல்லை. யாரிடமும் அவர் போயிட்டாரு என்றுகூடச் சொன்னதில்லை. பெரியவர் அடுப்பை அணைத்தார். ஒரு நாற்காலியைத் துடைத்து அவளுக்குப் போட்டார்.

அப்போதுதான் அத்தை கைப்பையிலிருந்து ஒரு சின்ன டப்பாவை எடுத்தாள். அது அவளிடம் இருந்ததே எனக்குத் தெரியாது. உள்ளே ஒரு சாக்லேட் துண்டு, மேலெல்லாம் வெள்ளை பூத்துக் கிடந்தது. மாமா கடைசியாக இவரிடமிருந்து கொண்டுவந்தது. அன்றைக்குக் காலையில் அவள் பக்கத்தில் வைத்து, சாப்பிட்டுப் பாரேன் என்றிருக்கிறார், இவள் கை வேலையாக இருந்ததால் அப்புறம் என்றிருக்கிறாள். அவர் வேனைத் துடைக்க வெளியே போனவர்தான், நெஞ்சைப் பிடித்துக்கொண்டு அங்கேயே சாய்ந்துவிட்டார். தின்னவும் மனசில்லாமல் எறியவும் மனசில்லாமல் ஃப்ரிட்ஜுக்குள் வைத்துக்கொண்டே இருந்திருக்கிறாள். "இது கெட்டுப்போச்சாங்க?" என்று கேட்டாள், குழந்தைக்குக் காய்ச்சல் விட்டதா என்று கேட்பது போல இருந்தது. பெரியவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு திருப்பித் திருப்பிப் பார்த்து, முகர்ந்து, "கெடல. கொழுப்பு மேல வந்து வெளுத்திருக்கு, அவ்வளவுதான். தாராளமா சாப்பிடலாம்" என்றார். அத்தை என்னைப் பார்த்தாள். நான் தலையாட்டினேன். வாயில் போட்டாள்.

அவள் முகம் போன போக்கைப் பார்க்கவேண்டுமே! கண் சுருங்கி மூக்கு சுருங்கி, "ஐயய்யே" என்றாள். "நல்லாவே இல்லைங்க. கரிச்சட்டியைச் சுரண்டித் தின்ன மாதிரி இருக்கு" என்று அவருக்குக் கேட்கும்படி உரக்கவே சொன்னாள். அந்த மனிதர் தொடையைத் தட்டிக்கொண்டு ஓவென்று சிரித்தார். "நானும் அதைத்தான்மா சொன்னேன்! கொட்டை கருகிடுச்சு, தூக்கிப் போடறேன்னேன். உங்க வீட்டுக்காரருதான் 'இருங்க, வீட்ல என்ன சொல்றாங்க பார்ப்போம்'னு புடுங்கிட்டுப் போனாரு!" என்றார். அத்தை சிரிக்க ஆரம்பித்தாள் அம்மாடி. வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள், அப்படியே அது அழுகையாயிற்று, மறுபடி சிரிப்பாயிற்று, எது எங்கே முடிந்தது என்று தெரியவில்லை. பெரியவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். எனக்குப் புகை கண்ணில் பட்டுவிட்டது என்று சொல்லிக்கொண்டேன், அடுப்பு அணைந்து வெகு நேரம் ஆகியிருந்தது. அப்புறம் அவர் நல்ல சரக்கில் ஒரு துண்டு கொடுத்தார். அத்தை அவசரப்படாமல் சுவைத்தாள். "இது பரவாயில்ல. முதல்ல முறைக்குது, அப்புறம் பக்கத்துல வந்து உட்காருது. உங்களை மாதிரிதான்" என்றாள். கீழே இறங்கும்போது பசிக்கிறது அண்ணா என்று அவளாகவே சொன்னாள், நான் வண்டியை நிறுத்திய வேகத்தில் பின்னால் வந்தவன் என்னை என்னவோ சொல்லித் திட்டிவிட்டுப் போனான், திட்டட்டும்.

எல்லாம் சரியாகிவிட்டது என்று எழுதினால் அது பொய். நேற்றுகூட மத்தியானம் வரை எழுந்திருக்காமல் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள், அம்மா போய்ப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். ஆனால் சாப்பிடுகிறாள், உன் அம்மாவின் குழம்பில் குறை சொல்கிறாள், அம்மாவுக்கு அதில் வருகிற சந்தோஷம் நான் புகழும்போதுகூட வருவதில்லை. வேனை விற்கக் கூடாது, அந்தக் கடைகளுக்கு நானே போவேன் என்று சொல்லிவிட்டாள். பள்ளிக்கூட மைதானத்தில் தினமும் வண்டி ஓட்டக் கற்றுக்கொடுக்கிறேன், பிரேக்கை மிதி என்றால் என் காலைத் தேடி மிதிக்கிறாள், இருந்தாலும் பழகிவிடுவாள்.

உனக்குச் சொல்ல நினைத்தது ஒன்றுதான். வர முடியவில்லையே என்று நீ மனசுக்குள் போட்டு அரைத்துக்கொண்டிருப்பது எனக்குத் தெரியும். அத்தைக்கு உன்மேல் ஒரு வருத்தமும் கிடையாது, புள்ளத்தாச்சிப் பொண்ணு அவ்வளவு தூரம் எப்படி வருவா என்று அவளே மற்றவர்களிடம் சொன்னாள். அதனால் அவளுக்குப் பயந்துகொண்டு போன் பண்ணாமல் இருக்காதே. வயிற்றுப் பிள்ளையோடு பாரம் தூக்காதே, ஈரத் தரையில் பார்த்து நட, மாப்பிள்ளையை வீட்டு வேலை செய்யச் சொல், செய்வார். உன் வயிற்றிலிருக்கிற குழந்தையும் நீயும் மாப்பிள்ளையும் நோய்நொடி இல்லாமல் நூறாண்டு நிறைவாக இருக்க அம்மாவும் நானும் மனசார வாழ்த்துகிறோம்.

மறக்காதே, அத்தை மூன்று கடைச் சரக்கையும் ஒரு டப்பாவில் போட்டு உனக்கு அனுப்பியிருக்கிறாள். வந்ததும் சாப்பிட்டுவிட்டு அவளைக் கூப்பிடு. நல்லா இருந்துச்சு அத்தை என்று ஒரே வார்த்தையில் தப்பிக்கப் பார்க்காதே, அவளிடம் அது செல்லாது, நாக்கில் என்ன தோன்றியதோ அதைச் சொல். நடுவில் அழுகை வந்தால் அடக்காதே, அழு. அவளும் அழுவாள். அழுது முடித்துவிட்டு, சரி, அடுத்த துண்டு எப்படி இருந்தது என்று கேட்பாள்.

எப்போதும் உன் நினைவாகவே இருக்கும்,
அப்பா