ஞானத்தகப்பன் அனுப்பிய டிக்கெட்

18 அக்டோபர் 1998
ஞாயிறு மதியம்

அன்பு மகள் மார்லிஸுக்கு,

உன் அம்மா ஓடிலா எழுதுகிறேன். லிஸ்பனில் குளிர் தொடங்கியிருக்குமே, காலையில் வெறும் காப்பியோடு வேலைக்கு ஓடுகிறாயா, ஏதாவது சாப்பிட்டுப் போகிறாயா, எனக்கு முதலில் அதுதான் தெரிய வேண்டும். இங்கே அப்பாவும் நானும் நடமாட்டமாக இருக்கிறோம். அப்பாவுக்கு முழங்கால் வலி மழை நாளில் மட்டும்தான். எனக்கு நோய் என்று ஒன்றும் இல்லை, ஆனால் தேர்தல் முடிந்ததிலிருந்து சாப்பாட்டுத் தட்டைப் பார்த்தாலே குமட்டுகிறது. வயிற்றில் ஒன்றும் கோளாறு இல்லை என்று டாக்டர் சொல்லிவிட்டார். அவரிடம் நான் காரணத்தைச் சொல்லவில்லை, அவரும் அந்த ஆளுக்குத்தான் ஓட்டுப் போட்டிருப்பார்.

உன் கடிதம் வியாழக்கிழமை வந்தது. உன் ஞானத்தகப்பன் இவால்டோவின் ஆபீசிலிருந்து உனக்குப் போன் செய்ததாகவும், பிப்ரவரியில் அவர் செனட்டராகப் பதவி ஏற்கும்போது நீ பக்கத்தில் நிற்க வேண்டும் என்று விமான டிக்கெட் அனுப்பியிருப்பதாகவும், அப்படியே ஒரு மாதம் வீட்டில் வந்து இருக்கலாம் என்றும் எழுதி, என்னம்மா செய்யட்டும், வரட்டுமா என்று கேட்டிருந்தாய். வா என்ற ஒரு சொல்லை எழுதிப் போட எனக்கு ஒரு நிமிஷம் ஆகாது. ஆனால் இங்கே நடந்ததில் பாதிகூட உனக்கு நாங்கள் எழுதவில்லை, தூரத்தில் இருக்கிற பிள்ளை எதற்குக் கலங்க வேண்டும் என்று விட்டுவிட்டோம். நீ கேட்டுவிட்டதால் இப்போது எழுதுகிறேன், படித்துவிட்டு முடிவு செய்.

இவால்டோ வளர்ந்ததில் எனக்குப் பொறாமை கிடையாது, அது உனக்கே தெரியும். அவரும் உன் அப்பாவும் ஒரே கொட்டகையில் செருப்புக்கு சோல் ஒட்டினவர்கள். அவருக்கு வாய், அப்பாவுக்குக் கை. அவர் சொந்தமாகத் தொழிற்சாலை போட்டபோது தோல் வெட்டுகிற பிரிவுக்கு அப்பாதான் மேஸ்திரி, அந்த உரிமையில்தான் உன்னை ஞானஸ்நானத் தொட்டியருகே அவர் கையில் கொடுத்தோம். பிறகு முதலாளிகள் சங்கத்துக்குத் தலைவரானார். வெளிநாட்டு மலிவுச் செருப்பு வந்து இறங்க ஆரம்பித்த சமயம், கோயில் முன்னால் லாரி மேல் ஏறி நின்று, அந்தச் செருப்புகளைக் குவித்து மண்ணெண்ணெய் ஊற்றிக் கொளுத்தினாரே, ஞாபகம் இருக்கிறதா. "இந்தப் பள்ளத்தாக்குக்குள்ள வெளிநாட்டுச் செருப்பு ஒண்ணு நடந்து வரணும்னா என் பொணத்து மேலதான் நடந்து வரணும்" என்றார். ரப்பர் எரிந்த புகை கொடியில் காய்ந்த துணியிலெல்லாம் ஏறிவிட்டது, மறுபடி துவைத்தேன், துவைத்துக்கொண்டே அவருக்காக அழுதேன். அந்த வருஷம் ஊர் மொத்தமும் சேர்ந்து அவரை எம்.பி. ஆக்கியது. தலைநகருக்குப் போனார், இறக்குமதி வரியைக் குறைக்கிற சட்டம் வந்தது, அதற்கு ஆதரவாகக் கை தூக்கினார். லீவுக்கு வந்தபோது நம் அடுப்படியில் உட்கார்ந்து மாத்தே இலைக் கஷாயத்தை உறிஞ்சிக்கொண்டு, "ஓடிலா, அங்க போய் உக்காந்து பாத்தாத்தான் நாடு தெரியுது. இங்கேருந்து பாத்தா வெறும் செருப்புதான் தெரியும்" என்றார். உன் அப்பா தலையை ஆட்டினார். நான் வெந்நீர்க் கெண்டியை எடுத்து உள்ளே வைத்துவிட்டேன், இரண்டாம் சுற்று ஊற்றவில்லை.

அடுத்து மாநிலத்தில் தொழில்துறைப் பொறுப்பு கொடுத்தார்கள். தொழிற்சாலைகள் மாநிலத்தை விட்டுப் போகாமல் பிடித்து வைப்பதுதான் அந்தப் பதவியின் வேலை. இவர் டிவியில் வந்து, போட்டியைத் தாங்க முடியாத கம்பெனி மூடத்தான் வேண்டும், நாட்டுக்கு அது பேதி மருந்து மாதிரி என்று பேசினார். ஊரில் சின்னச் சின்னப் பட்டறைகளை ஒவ்வொன்றாகப் பூட்டினார்கள். அதே நேரத்தில் தன் மைத்துனன் பெயரில் நாட்டின் வடகிழக்கே ஒரு தொழிற்சாலை எழுப்பினார், அங்கே வரி கிடையாதாம், கூலி இங்கே கொடுப்பதில் பாதியாம். இங்கே இருந்த மெஷின்கள் லாரி லாரியாக அங்கே போயின. உன் அப்பா ஒவ்வொன்றுக்கும் கிரீஸ் போட்டுக் கோணி சுற்றித் தானே ஏற்றிவிட்டார், கீறல் படக்கூடாது என்று கூடவே ஒரு பழைய போர்வையும் வைத்தார். சிக்கனம் என்று முதலில் கை வைத்தது எதில் என்று உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. தொழிலாளிகளுக்குப் பல் பார்க்கிற அறை, உன் நாற்காலி, உன் வேலை. பல் வலித்தால் ஊரில் டாக்டரே இல்லையா என்று உன் முகத்துக்கு நேரே கேட்டவர்தானே. அதற்குப் பிறகு இந்த ஊரில் தனியாகக் கிளினிக் போட்டு யாருக்குப் பார்ப்பாய், சம்பளம் இல்லாதவன் கிராம்பை வைத்துக் கடித்துக்கொண்டு படுத்துக்கொள்கிறான். நீ பெட்டியைக் கட்டினாய். இந்த ஜூலையில் மிச்சம் இருந்த தோல் வெட்டும் பிரிவையும் மூடிவிட்டார்கள், அப்பாவும் வீட்டுக்கு வந்துவிட்டார்.

ஆகஸ்டில் செனட்டர் தேர்தலுக்கு நிற்கிறேன் என்று ஊருக்கு வந்தார். பங்குக் கோயில் கூடத்தில் விருந்து. கோழி சுடுகிறதற்கு ஆண்கள், உருளைக்கிழங்கு சாலட்டுக்கும் கூக்கா இனிப்பு ரொட்டிக்கும் நாங்கள். விருந்தே அவர் பணம் என்று தெரிந்தும் போனேன், சமையற்கட்டுக்கு என்னை விட்டால் ஆள் இல்லை என்று பாதர் ஆர்லிந்தோ கேட்டுக்கொண்டார். உன் அப்பாவை மேடையில் உட்காரவைத்தார்கள், மூத்த தொழிலாளியாம். கல்யாணத்துக்கு வாங்கின டையைக் கட்டிக்கொண்டு போனார், வேண்டாம் என்று சொன்னேன், "நன்றி கெட்டவன்னு பேசுவாங்க" என்றார். அவர் பக்கத்தில் நின்று தோளில் கை போட்டுக்கொண்டு இவால்டோ பேச ஆரம்பித்தார். சமையற்கட்டுக் கதவு வழியாக எல்லாம் கேட்டது. "என் ஞானமகளப் பாருங்க. சின்னப் பொண்ணு. அரசாங்கம் சோறு போடும்னு கை ஏந்தினாளா? தைரியமா ஐரோப்பாவுக்குக் கிளம்பினா. இன்னிக்கு அங்க டாக்டர். நான் சொல்ற பொருளாதாரம் வேற ஒண்ணுமில்ல, அந்தப் பொண்ணுதான்" என்றார். உன் பட்டமளிப்புப் போட்டோவைப் பெரிதாக்கித் தூக்கிக் காட்டினார்கள். அந்தப் போட்டோவை நானே என் கையால்தான் அவர் மனைவிக்குக் கொடுத்தேன், அவர்கள் வரவேற்பறையில் மாட்ட.

கரண்டியைக்கூடக் கீழே வைக்காமல் வெளியே வந்துவிட்டேன் மகளே. மேஜைகளுக்கு நடுவில் நின்று, "அவ தைரியத்துல போகல இவால்டோ. நீ அவ நாற்காலியத் தூக்கி லாரியில ஏத்தின, அதனால போனா. ஏர்போர்ட்ல அழுதுக்கிட்டே போனா" என்று சொன்னேன். பாதர் எழுந்து வந்து என் முழங்கையைப் பிடித்தார். அந்த ஆள் என்ன செய்தார் தெரியுமா. முகத்தில் ஒரு சுருக்கம்கூட இல்லை, மேடையிலிருந்து இறங்கி வந்து, மைக்கோடு என்னைக் கட்டிப் பிடித்துக்கொண்டு, "பாத்தீங்களா, இது ஒரு தாயோட கண்ணீர். இந்தக் கண்ணீரத் தொடைக்கத்தான் நான் செனட்டுக்குப் போறேன்" என்றார். எல்லோரும் எழுந்து நின்று கை தட்டினார்கள். வேலை போனவர்கள் தட்டினார்கள், கடை மூடினவர்கள் தட்டினார்கள். என் கண்ணில் ஒரு சொட்டுத் தண்ணீர் இல்லை, அவர் சட்டையின் சென்ட் வாசனை மூக்கில் ஏறி வாந்திதான் வந்தது. மறுநாள் பேப்பரில் அந்தப் படம், நான் கரண்டியோடு அவர் நெஞ்சில் சாய்ந்து நிற்கிற மாதிரி. பிறகு அதையே நோட்டீஸாக அடித்து ஊர் ஊராக ஒட்டினார்கள்.

உன் அப்பா வீட்டுக்கு வந்து டையைக் கழற்றி வைத்துவிட்டு, ஊர் முன்னால் மானத்தை வாங்கிவிட்டாய் என்று ஒரு வார்த்தை சொன்னார். அதற்கப்புறம் பேச்சே இல்லை, வைத்ததைச் சாப்பிடுவார், தோட்டத்துக்குப் போய்விடுவார். அவர் மேலும் எனக்கு அப்போது வெறுப்பாகத்தான் இருந்தது, மறைக்க மாட்டேன்.

செப்டம்பரில் இவால்டோவின் உதவியாள் க்ளெய்ட்டன் என்ற பையன் காரில் வந்தான், நல்ல மரியாதையான பேச்சு, பளபளவென்று ஷூ. வடகிழக்கில் புதிய ஆட்களுக்குத் தோல் வெட்டத் தெரியவில்லை, பாதித் தோல் வீணாகிறது, நெல்சோ ஐயா ஆறு மாதம் வந்து கற்றுக்கொடுத்தால் தங்க வீடு, நல்ல சம்பளம் என்றான். அப்பாவின் முகம் மலர்ந்ததைப் பார்த்தேன், போய்விடுவார் என்றே நினைத்தேன். பெட்டியை எங்கே வைத்தேன் என்று மனசுக்குள் தேடக்கூட ஆரம்பித்துவிட்டேன். அவர் மெதுவாகக் கேட்டார், "நான் அந்தப் பிள்ளைங்களுக்குக் கத்தி பிடிக்கக் கத்துக்குடுத்துட்டு வந்துடறேன் தம்பி. அப்புறம் அவங்களுக்கு எத்தன வருஷம் வேல இருக்கும்?" பையன் சிரித்தான். மறைக்கவும் இல்லை, கூச்சப்படவும் இல்லை. "நீங்க நம்ம வீட்டு மனுஷர், ஒளிக்கிறதுக்கு என்ன இருக்கு. அங்க வரிச் சலுகை இருக்கிற வரைக்கும்தான் ஐயா. சீனாவுல இப்பவே எடம் பாத்தாச்சு. அங்கயும் நீங்களே வந்து கத்துக்குடுக்கலாம்" என்றான். உன் அப்பா எழுந்தார், பையன் கையிலிருந்த மாத்தேக் குடுவையைப் பாதியிலேயே வாங்கிக்கொண்டார். நம் ஊரில் அப்படி ஒருவர் கையிலிருந்து வாங்கினால் எழுந்து போ என்று அர்த்தம் என்று உனக்குத் தெரியும், அந்தப் பையனுக்கும் தெரிந்தது, சொல்லாமல் கிளம்பிவிட்டான். அன்று ராத்திரி அப்பா என்னிடம் பேசினார். கிரீஸ் போட்டு அனுப்பின மெஷினை எல்லாம் நினைத்தால் கை கூசுகிறது என்றார், அவ்வளவுதான்.

தேர்தலில் அவர் ஜெயித்தார், அதுவும் நம் ஊரில்தான் அதிக ஓட்டு. வாணவேடிக்கை விட்டார்கள். பக்கத்து வீட்டுச் செல்வினாவின் இரண்டு மகன்களுக்கும் வேலை இல்லை, அவள் வேலிக்கு மேல் எட்டி, "என்ன இருந்தாலும் நம்ம ஊர்க்காரர் ஓடிலா, செனட்ல நம்ம ஆள்னு சொல்லிக்கலாம்ல" என்கிறாள். அவளிடம் என்ன பேசுவது. பொருளாதாரக் கமிட்டிக்கு அவரைத்தான் தலைவராகப் போடப் போகிறார்களாம், இனி நாடு முழுவதுக்கும் அந்தப் பேதி மருந்துதான். ஆத்திரம் தாங்காமல் பாதர் ஆர்லிந்தோவிடம் போய், என் மகளுக்கு ஞானத்தகப்பனை மாற்ற முடியுமா என்று கேட்டேன். "ஞானஸ்நானம் கட்சி இல்ல ஓடிலா, மாறிக்கிறதுக்கு" என்று சிரித்தார். கூடத்துக்கு இவால்டோ புதுக் கூரை போட்டுக் கொடுக்கிறார், பாதர் சிரிக்காமல் என்ன செய்வார்.

இதுதான் நடந்தது. இப்போது அந்த டிக்கெட். மேடையில் என் மேல் கை போட்ட மாதிரி உன் தோளிலும் கை போட்டு, இதோ திரும்பி வந்த மகள் என்று சொல்வார், நீ வாயைத் திறந்து எதிர்த்துச் சொன்னாலும் அதையும் கட்டிப் பிடித்துத் தனக்காக்கிக்கொள்வார், அந்த வித்தையில் அவரை ஜெயிக்க முடியாது, நான் பார்த்துவிட்டேன். அவர் பக்கத்தில் நிற்காமல் இருப்பது ஒன்றுதான் நம் கையில் இருக்கிறது. அப்பா இப்போது கடைத்தெருவில் குதிரைச் சேணம் தைக்கிறவரிடம் தோல் வெட்டிக் கொடுக்கப் போகிறார், காசு குறைவு, ஆனால் தூங்குகிறார். உனக்கு என்ன எழுதட்டும் என்று அவரைக் கேட்டேன். அவள் இஷ்டம் என்று சொல்லிவிட்டு வாசல் வரை போனவர் திரும்பி வந்து, "அனுப்பினவருக்கே அது திரும்பிப் போனா நல்லாயிருக்கும்" என்றார்.

எங்களிடம் உனக்கு டிக்கெட் எடுக்க வசதி இல்லை, உனக்கும் இந்த வருஷம் முடியாது என்று எனக்குத் தெரியும். இதைத் திருப்பி அனுப்பினால் இந்தக் கிறிஸ்துமஸும் நீ இல்லாமல்தான், பிப்ரவரியிலும் இல்லை, எப்போது என்று சொல்லவும் ஆள் இல்லை. உன் அறையைத் துடைத்துப் போட்டு நிற்கிற அம்மாதான் இதை எழுதுகிறேன். திருப்பி அனுப்பிவிடு மகளே.

கடவுள் உன்னைக் கண்ணுக்குள் வைத்துக் காக்கட்டும், உன் கை பட்ட பல்லெல்லாம் வலி தீரட்டும். நம் நாட்டில் ஓட்டு கட்டாயமாயிற்றே, போடாததற்குத் தூதரகத்தில் காரணம் எழுதிக் கொடுக்க மறந்துவிடாதே, தவறினால் பாஸ்போர்ட்டுக்கு இழுத்தடிப்பார்கள். கம்பளிச் சட்டை போடாமல் வெளியே போகாதே.

உன்னை இங்கிருந்தே முத்தமிட்டு,
அம்மா ஓடிலா

(அப்பா கையெழுத்து மட்டும் போடுகிறார்)
நெல்சோ