சட்டைக்குள் வேப்பிலை

பங்குனி 9, செவ்வாய்.

மலேயாவுக்குப் போகிறவர்களை இன்று ஆவடி முகாமில் சோதித்துக் கப்பலுக்கு அனுப்பினோம். பூந்தமல்லி முனியம்மாவின் குழந்தையைத் தடுப்புக்குப் பின்னால் எடை பார்க்கத் தூக்கினேன். சட்டைக்குள், அரைஞாணில் ஒரு வேப்பிலைக் கொத்து. அதன் கீழே தோலில் மூன்று அம்மை முத்து. அம்மனுக்குப் பயந்து கட்டியதை டாக்டருக்குப் பயந்து மறைத்திருக்கிறாள்.

சட்டையைப் பழையபடி இழுத்துவிட்டுக் குழந்தையைத் தாயிடம் கொடுத்துவிட்டு, டாக்டரிடம் போய்ச் சொன்னேன். வேறென்ன செய்வது? ஒரு குழந்தைக்கு அம்மை என்றால், பினாங்கில் கப்பல் மொத்தத்தையும் ஊருக்குள் விடாமல் தீவில் அடைத்துவிடுவார்கள்.

தாயையும் பிள்ளையையும் நிறுத்திவிட்டார்கள். புருஷன் பெயர் பட்டியலில் ஏறிவிட்டதால் அவனை மட்டும் துறைமுகத்துக்கு ரயிலேற்றினார்கள்.

"எறங்குனதும் கடுதாசி போடறேன் புள்ளே!" என்று கத்திக்கொண்டே போனான். அவனுக்கு எழுதத் தெரியாது. அவளுக்குப் படிக்கத் தெரியாது.

மாலையில் தனிக்கொட்டகைக்குப் போனேன். முனியம்மா புதுக் கொத்து ஒன்றை என்னிடம் நீட்டினாள்.

"பக்கத்துல குந்திகினு இருந்தவதான் டாக்டராண்ட சொல்லிட்டா நர்ஸம்மா. அவ நல்லாருப்பாளா? நீ கட்டிவுடு. உன் கை நல்ல கை."

கட்டிவிட்டேன். நான்தான் என்று சொல்லவில்லை. நாளைக்கும் கொத்து மாற்ற என்னைத்தான் வரச்சொல்லியிருக்கிறாள்.