மேடையேறிய மாலை

ஆர்ச்வே, லண்டன்
12 மார்ச் 1989

அன்புள்ள அப்பா,

நடந்ததை நடந்தபடியே எழுதுகிறேன். அம்மாவுக்காகக்கூட எதையும் மறைக்க மாட்டேன்.

"லண்டனிலை என்ரை நாடகத்தை ஆர் பாக்கப்போகினம்? நான் வரேல்லை" என்று, இங்கே வரச்சொல்லி நாங்கள் கேட்டபோது ஊரிலிருந்து போனில் சொன்னீர்கள்.

எங்கள் கீழ்வீட்டு நெஜாத் மாமா துருக்கியில் பெரிய நடிகர். சினிமாவிலும் நடித்தவர். அங்கே ராணுவ ஆட்சி வந்ததும் இங்கே ஓடிவந்து, கபாப் கடையில் இறைச்சி வெட்டுகிறார். பல வருடங்களுக்குப் பிறகு நேற்று ஒரு பள்ளி மண்டபத்தில், துருக்கி மொழியில் நடித்தார். கிழட்டு மீனவனாக, கடலில் இறந்த மகனைக் கூப்பிட்டு அழுதார். கதையை முன்பே சொல்லியிருந்தார்; மற்றபடி எனக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை. ஆனாலும் அழுதேன்.

அப்போது அம்மா எழுந்தார். நம் ஊர் வழக்கப்படி நடிப்பின் நடுவிலேயே மேடையேறி, கையோடு கொண்டுவந்திருந்த முருகன் கோயில் மாலையை அவர் கழுத்தில் போட்டுவிட்டார்! மண்டபமே திகைத்தது.

"அம்மா, இறங்குங்கோ!"

"பொறடி! இப்பிடி நடிக்கிற மனுசனுக்கு மாலை போடாமல் இருக்கேலுமே?"

நெஜாத் மாமா மாலையைக் கழற்றி, இறந்த மகனுக்காகக் கடலில் விடுவதுபோல மேடை விளிம்பில் மெதுவாகக் கிடத்தினார். சனம் எழுந்து நின்று கைதட்டியது.

நாடகம் முடிந்ததும் அவரிடம் உங்களைப்பற்றிச் சொன்னேன். "உன் அப்பாவை வரச்சொல்லு. மீனவனுக்கு ஒரு தம்பி வேண்டும். அவர் தமிழிலேயே அழட்டும்" என்று இங்கிலிஷில் சொன்னார்.

மண்டபத்து லைட்டுகளை அணைத்த பிறகும் அம்மா அந்த மேடையையே பார்த்துக்கொண்டு நின்றார்.

உங்கள் மகள்